காதுக்குள் பஸ்ரியன்

செப்டெம்பர் 4, திங்கள்

எழுபத்திரண்டு வயதுக்காரனுக்குக் காலையில் தொலைபேசி வந்தால் ஒன்றில் ஆஸ்பத்திரி, இல்லையென்றால் செத்தவீடு. இன்றைக்கு வந்தது வேலை! ஹானா என்றொரு வெள்ளைக்காரப் பெண். ஹக்னியில் நூற்றிருபது கதிரை உள்ள சின்ன அரங்கு ஒன்றின் நெறியாளர். 1978இல் வானொலியில் போன என் ‘தகப்பன் நின்ற துறை’ நாடகத்தை மேடையேற்றப் போகிறாளாம். பாசையூர்க் கடற்கரையில், திரும்பி வராத மகனின் தோணியைப் பார்த்துக்கொண்டு நிற்கும் கிழவனின் கதை. கிழவன் வேடம் எனக்கே. எழுதும்போது எனக்கு இருபத்தேழு வயது. இப்போது ஒப்பனை தேவையில்லை.

ஐம்பது வருடத்தில் நான் போட்ட வேடங்களை ஒரு கொப்பியில் எழுதி வைத்திருக்கிறேன். நூற்றுப் பதினான்கு. டொக்டர் முப்பத்தொன்று. கடைக்காரன் பத்தொன்பது, அதில் ஏழு தடவை கொள்ளை போனேன். பிரேதம் மூன்று. இணையத்தில் எட்வேட் நாயகம் என்று தட்டினால் ‘பிரித்தானியக் குணச்சித்திர நடிகர், எழுத்தாளர்’ என்று வரும். முதலாவதுக்காக முதுகு முறிந்தேன். இரண்டாவதுதான் என்னைத் தலை நிமிர்ந்து நடக்க வைத்தது. அது இல்லாவிட்டால் நான் வெறும் கடைக்காரன்.

ஜசிந்தா வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தாள். விஷயத்தைச் சொன்னேன்.

“எந்த நாடகம்?” என்றாள்.

“எந்த நாடகமோ? நான் எத்தினை எழுதினனான்?”

“அதைத்தானே நானும் கேட்டனான்.”

நாற்பத்திரண்டு வருடம் என்னோடு இருந்தும் இவளுக்குச் சந்தோசப்படத் தெரியவில்லை.

செப்டெம்பர் 11, திங்கள்

முதல் வாசிப்பு. மகனாக வருகிறவன் பேர்மிங்காமில் பிறந்த சீக்கியப் பொடியன். இங்கே அதெல்லாம் ஒரு பொருட்டில்லை. நான் பாகிஸ்தானியாக, ஈரானியாக, ஒருமுறை கிரேக்கனாகவும் செத்திருக்கிறேன்.

மதியம் ஹானா ஒரு குண்டு போட்டாள். கடைசிக் காட்சி, கிழவன் தனியாக நின்று கதைக்கும் பத்து நிமிடம், அதைத் தமிழில் நடிக்க வேண்டுமாம். மேலே திரையில் ஆங்கிலம் ஓடும். “நீங்கள் முதலில் தமிழில்தானே எழுதினீர்கள்? 91இல் ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறீர்கள், கனவில் தமிழில் வந்ததென்று.”

ஓம் என்றேன்.

அந்தத் தமிழ் மூலத்தை ஆங்கிலத்தோடு சேர்த்துப் புத்தகமாகவும் போடுகிறார்களாம். இரண்டு வாரத்தில் வேண்டுமாம்.

செப்டெம்பர் 12, செவ்வாய்

குப்பைத் தொட்டியை வெளியே வைத்தேன். இரத்த அழுத்தம் பார்த்தார்கள், கூடிப் போயிருக்கிறது. பரணில் ஏறினேன். கிறிஸ்மஸ் மரம் இருந்தது. இறங்கிவிட்டேன்.

செப்டெம்பர் 15, வெள்ளி

தமிழ்ப் பிரதி கிடைக்கவில்லை. அதனால் என்ன? எழுதியவன் உயிரோடு இருக்கிறான். ஆங்கிலத்தை முன்னால் வைத்துக்கொண்டு திரும்பத் தமிழில் எழுதத் தொடங்கினேன். காலை பத்து மணியிலிருந்து நான்கு மணிவரை ஒரு பக்கம். ஆங்கிலத்தில் கிழவன் சொல்கிற ஒரு வரியை எல்லோரும் புகழ்வார்கள். அதைத் தமிழில் இப்படி எழுதினேன்: ‘கடல் மற்ற அனைத்தையும் எனக்குத் திருப்பித் தந்துவிட்டது.’ வாசித்துப் பார்த்தால் அரசாங்கக் கச்சேரியிலிருந்து வந்த கடிதம்போல இருக்கிறது. பாசையூரில் எந்தக் கிழவன் ‘அனைத்தையும்’ என்பான்?

பஸ்ரியன் இருந்தால் கேட்டிருக்கலாம். பஸ்ரியன் ஜசிந்தாவின் தமையன். 75இலிருந்து 78வரை ஈஸ்ற்ஹாமில் என்னோடு ஒரே அறையில் இருந்தவன். பெற்றோல் நிலையத்தில் இரவு வேலை. நாடகம் எழுதிய காலத்தில் ஒன்றிரண்டு யோசனை சொன்னவன். 79 ஜனவரியில் நியுமோனியா வந்து போய்விட்டான். பாவம்.

செப்டெம்பர் 21, வியாழன்

இன்று ஒத்திகையில் மூன்று இடத்தில் வசனம் நின்றுவிட்டது. இரண்டாவது தடவை என்ன காட்சி என்பதே மறந்துபோனது. சீக்கியப் பொடியன் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான். ஒரு காலத்தில் நாற்பது பக்கத்தை ஒரே நாளில் பாடமாக்கியவன் நான்.

ஹானா நல்ல பிள்ளை. சத்தம் போடவில்லை. “இப்போது பெரிய நடிகர்கள் எல்லோரும் பாவிக்கிறார்கள்,” என்று சொல்லிக் காதுக்குள் வைக்கும் ஒரு சின்னச் சாமானைத் தந்தாள். பயற்றங்காயின் ஒரு கொட்டை அளவு. மேடை முகாமையாளர் பிரெண்டா பின்னால் கண்ணாடி அறைக்குள் இருந்து மெதுவாக வசனத்தை எடுத்துக் கொடுப்பாள். அது பார்ப்பவர்களுக்குத் தெரியாது. நான் அதற்குக் காதுப்பூச்சி என்று பெயர் வைத்திருக்கிறேன்.

ஜசிந்தாவிடம் சொல்லவில்லை.

செப்டெம்பர் 25, திங்கள்

தமிழ்ப் பிரதியைக் கொடுத்தேன். ஹானாவுக்குத் தமிழ் ஒரு எழுத்தும் தெரியாது. தாளைத் தடவிப் பார்த்து “என்ன அழகு!” என்றாள்.

வீட்டில் ஒரு பிரதியை மேசையில் விட்டிருந்தேன். ஜசிந்தா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நின்றபடியே முழுவதும் வாசித்தாள்.

“இது ஆர் எழுதினது?”

“ஆர் எழுதினதோ? நான்தான்.”

“அது தெரியுது,” என்றாள்.

செப்டெம்பர் 26, செவ்வாய்

பகல் மூன்று மணி, ஒத்திகை அறை, வெளியே நல்ல வெயில். கடைசிக் காட்சியில் தமிழ் என்பதால் பிரெண்டாவுக்கு வேலை இல்லை. தேநீர் போடப் போயிருந்தாள், கண்ணாடி அறை காலி. நான் ‘கடல் மற்ற அனைத்தையும்’ என்று தொடங்கினேன். காதுக்குள் ஒரு இருமல் கேட்டது. பிறகு ஒரு ஆண் குரல், ஆறுதலாக:

“பலகை வந்திட்டுது. பாய் வந்திட்டுது. சோத்துப்பெட்டியும் வந்திட்டுது. நீ மட்டும் ஏன்டா பிந்துறாய்?”

பூச்சியைப் பிடுங்கி எறிந்துவிட்டேன். எல்லோரும் ஓடி வந்தார்கள். காது வலி என்றேன். பிரெண்டா அதை எடுத்துத் துடைத்துப் பார்த்தாள். நான் அதன் சுவிச்சைப் போடவே மறந்துவிட்டேனாம், அது அணைந்தே இருக்கிறதாம்.

செப்டெம்பர் 27, புதன்

நீ மட்டும் ஏன்டா பிந்துறாய்?

செப்டெம்பர் 28, வியாழன்

மேலே உள்ள வரியை நான் எழுதவில்லை. கையெழுத்து என்னுடையது. என் பேனை. நேற்று முழுவதும் நான் இந்தக் கொப்பியைத் தொட்டதாக ஞாபகமே இல்லை.

அக்டோபர் 2, திங்கள்

சரி, ஒன்றிரண்டு யோசனை என்று எழுதியது சரியில்லை. பாதி என்று வைத்துக்கொள்ளலாம். கடற்கரைச் சங்கதி எல்லாம் பஸ்ரியன் சொன்னது. அவனுடைய தகப்பன் தோணிக்காரன், என்னுடைய தகப்பன் வாத்தியார். ஆனால் ஆங்கிலத்தில் எழுதியது நான். ஒவ்வொரு சொல்லாக, இரண்டு விரலால் தட்டி. வானொலிக்காரன் கேட்டது ஆங்கிலத்தைத்தானே?

அக்டோபர் 5, வியாழன்

ஹானா தமிழ்க் காட்சிக்கு ஒரு தமிழ் ஆள் வேண்டுமென்று தேடுகிறாள். வசனம் நின்றால் பிரெண்டாவால் எடுத்துக் கொடுக்க முடியாது. எங்கள் வீட்டுக்கே தொலைபேசி எடுத்து ஜசிந்தாவிடம் கேட்டிருக்கிறாள். அப்போதுதான் காதுப்பூச்சி விஷயமே இவளுக்குத் தெரியவந்தது. ஏசப்போகிறாள் என்று நினைத்தேன். ஏசவில்லை.

“எவ்வளவு காலமாய் மறக்குது?” என்றாள். முப்பது வருடம் தாதியாக இருந்தவளின் குரல் அது.

“வயசு போனால் எல்லாருக்கும்தான்.”

“போன கிழமை அடுப்பைக் கொளுத்தி விட்டிட்டுப் போனியள். முந்தநாள் என்னை அக்கா எண்டு கூப்பிட்டியள். உங்கடை அக்கா செத்து இருபது வருசம்.”

அடுப்பு அணைந்திருக்கிறதா என்று எட்டிப் பார்த்தேன்.

“நான் வாறன். நான் சொல்லித் தாறன்,” என்றாள்.

இவளுக்கு நாடகம் பார்ப்பதே பிடிக்காது. நான் கடைக்காரனாகச் சுடப்பட்ட தொடரைக்கூட இவள் பார்த்ததில்லை.

அக்டோபர் 8, ஞாயிறு

தேவாலயத்தில் பூசை முடிந்து வந்தோம். ஜசிந்தா மெழுகுதிரி கொளுத்தினாள். யாருக்கென்று நான் கேட்கவில்லை. பக்கத்தில் நிற்கும்போது திரும்பவும் இருமல் கேட்டது, காதுக்குள் பூச்சி இல்லாமலே. எழுதித் தொலைக்கிறேன். இதை வாசிக்க ஆருமில்லை.

பாதி இல்லை, முழுவதும் அவன்தான். பஸ்ரியன் இரவு பெற்றோல் நிலையத்தில் கண்ணாடிக் கூண்டுக்குள் இருந்து, கார் வராத நேரத்தில், ஐந்து கொப்பியில் தமிழில் எழுதினான். பகலில் நான் ஆங்கிலத்தில் மாற்றினேன். வானொலியிலிருந்து படிவம் வந்தது. ‘ஆசிரியர் பெயர்’ என்ற இடத்தில் ஒரே ஒரு கோடு. அந்த நேரம் எனக்கு ஆறு மாதமாக வேலை இல்லை. என் பெயரை எழுதினேன். பஸ்ரியனிடம் சொன்னேன்: “ரெண்டு பேர் போட்டால் குழம்பிப் போவாங்கள் மச்சான், எடுக்கமாட்டாங்கள். அடுத்த முறை உன்ரை பேர்.”

“எனக்கேன்டா பேர்?” என்று சிரித்தான். அதைத்தான் இத்தனை வருடமும் பிடித்துக்கொண்டிருந்தேன். அவனே வேண்டாம் என்றான் என்று.

ஒலிபரப்பான அன்று இரண்டு பேரும் கட்டிலில் இருந்து கேட்டோம். முடிவில் எட்வேட் நாயகம் எழுதியது என்றார்கள். பஸ்ரியன் றேடியோவையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு “நல்லாத்தான் வாசிச்சிருக்கிறாங்கள்,” என்றான். அடுத்த கிழமை வேறு அறை பார்த்துக்கொண்டு போய்விட்டான். அந்த மாரி கடும் குளிர். அவனுடைய அறையில் சூடு இல்லை என்று கேள்விப்பட்டேன். போய்ப் பார்க்கவில்லை. பார்த்தால் என்ன கதைப்பது?

ஜனவரியில் பொலிஸ்காரன் தொலைபேசி எடுத்தான். சட்டைப் பையில் என் இலக்கம் இருந்ததாம், வந்து உடலை அடையாளம் காட்ட வேண்டுமாம். அன்று படப்பிடிப்பு. எனக்கு டொக்டர் வேடம், ஒரே வசனம்: ‘மன்னிக்க வேண்டும், எங்களால் காப்பாற்ற முடியவில்லை.’ முன்பு ஒரே அறையில் இருந்தவர், அவ்வளவு பழக்கமில்லை என்று பொலிஸ்காரனிடம் சொல்லிவிட்டுப் பங்குச் சுவாமியை அனுப்பினேன். வசனத்தை ஒரே தடவையில் சரியாகச் சொன்னேன். நெறியாளர் முதுகில் தட்டினார்.

அவனுடைய கொப்பிகளை அந்த அறையின் வீட்டுக்காரி ஒரு பையில் போட்டுத் தந்தாள். லீ ஆற்றில் போட்டேன். உடனே தாழவில்லை. கனதூரம் மிதந்துகொண்டு போயின. நான் கரையால் கூடவே நடந்தேன்.

இரண்டு வருடம் கழித்து அவனுடைய தங்கை ஜசிந்தாவைப் பெண் கேட்டுத் தாய்க்குக் கடிதம் எழுதினேன். அது பரிகாரம் என்று அப்போது நினைத்தேன். இப்போது என்ன பெயர் வைப்பதென்று தெரியவில்லை.

அக்டோபர் 12, வியாழன்

உடுப்பு அளவெடுத்தார்கள். சாரம் ஒன்று, பழைய பனியன் ஒன்று. ஜசிந்தா ஒத்திகைக்கு வந்தாள். கண்ணாடி அறைக்குள் செவிப்பொறியை மாட்டிக்கொண்டு இருந்தாள். நான் எழுதிய தமிழை ஒரு சொல் மாறாமல் எடுத்துத் தந்தாள். குரலில் ஒன்றும் இல்லை, மருந்துச் சீட்டை வாசிக்கிற மாதிரி. நிம்மதி.

புத்தகம் அச்சாகி வந்துவிட்டது. இடப்பக்கம் தமிழ், வலப்பக்கம் ஆங்கிலம், இரண்டுக்கும் என் பெயர்.

அக்டோபர் 17, செவ்வாய்

முதல் காட்சி நாள். வந்து படுத்தேன், நித்திரை இல்லை, விடிந்த பிறகு எழுந்து எழுதுகிறேன்.

கடைசிக் காட்சி வந்தது. வெளிச்சம் என்மேல் மட்டும். நூற்றிருபது கதிரையும் நிறைந்திருந்தன. நடுவில் பத்துப் பன்னிரண்டு தமிழ் ஆட்கள். நான் “கடல்” என்றேன். அடுத்த சொல் வரவில்லை. காத்திருந்தேன். காதுக்குள் ஜசிந்தாவின் குரல்:

“பலகை வந்திட்டுது.”

அந்த வரி நான் கொடுத்த தாளில் இல்லை. நான் ஒருவருக்கும் சொன்னதில்லை. ஆற்றில் போன வரி அது.

“பாய் வந்திட்டுது,” என்றாள். “சொல்லுங்கோ. ஆக்கள் பாத்துக்கொண்டிருக்கினம்.”

சொன்னேன். வேறு வழி? பத்து நிமிடம் அவள் சொல்லச் சொல்லச் சொன்னேன். ஒவ்வொன்றாக, கொப்பியில் இருந்த அதே ஒழுங்கில், அதே சொல்லில். பாதியில் அவள் முந்தினாளா நான் முந்தினேனா தெரியவில்லை. எனக்கு எல்லாம் ஞாபகம் இருந்தது. காலையில் என்ன சாப்பிட்டேன் என்று தெரியாதவனுக்கு நாற்பத்தைந்து வருடத்துக்கு முந்தின கொப்பி ஞாபகம் இருந்தது. தமிழ் ஆட்களில் ஒரு மனிசன் வாய்விட்டு அழுதான். மேலே என் ஆங்கிலம் தன்பாட்டில் ஓடிக்கொண்டிருந்தது.

நாடகம் முடிந்தபின் ஆசிரியரைக் கதிரையில் இருத்திக் கேள்வி கேட்பது இந்த அரங்கின் வழக்கம். ஐந்து நிமிடம். பூச்சி காதுக்குள்ளேயே இருந்தது, எடுக்க மறந்துவிட்டேன். ஹானா கேட்டாள்: “இதை எப்படி எழுதினீர்கள்?”

காதுக்குள்: “இதை எழுதினது பஸ்ரியன் எண்டு சொல்லுங்கோ.”

ஐம்பது வருடத் தொழிலில் காதில் வசனம் விழுந்தும் வாய் திறக்காதது அன்றுதான். பிறகு சிரித்தேன். “கனவில் தமிழில் வந்தது,” என்றேன். எல்லோரும் கை தட்டினார்கள்.

வீடு வரும்வரை பஸ்ஸில் அவள் யன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தாள், நான் அவளுடைய பிடரியைப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

அக்டோபர் 18, புதன்

காலையில் ஜசிந்தா தேநீரோடு ஒரு கட்டுக் கடிதத்தைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள். நீல விமானத் தபால் தாள். பஸ்ரியனின் கையெழுத்து. நாடகம் எழுதும்போது ஒவ்வொரு காட்சியையும் வீட்டுக்குக் கடிதத்தில் எழுதி அனுப்பியிருக்கிறான்.

“நான்தான் வாசிக்கிறனான். அம்மா கேட்டுக்கொண்டிருப்பா. கடைசிக் காட்சிக்கு ஐயாவும் வந்து நிலத்திலை இருந்தவர்.”

“எப்ப தெரியும் உமக்கு?”

“எண்பத்திநாலிலை. உங்கடை நாடகத்தைத் திரும்ப றேடியோவிலை போட்டவங்கள். எனக்கு இங்கிலீசு அரைகுறை. எண்டாலும் சோத்துப்பெட்டி விளங்காதே? நீங்கள் அதை விட்டிட்டியள். தேடித் தேடிக் கேட்டன், இல்லை. மற்றதெல்லாம் இருந்தது. ரெண்டு நாள் சமைக்கேல்லை நான், ஞாபகமிருக்கோ?”

ஞாபகமிருக்கிறது. ஊர் நினைவு வந்துவிட்டதாக்கும் என்று நினைத்துப் பாண் வாங்கிச் சாப்பிட்டேன்.

“ஏன் அப்பவே கேக்கேல்லை?”

“வயித்திலை பிள்ளை. போறதுக்கு வேறை வீடு இல்லை. பேந்து நீங்களாச் சொல்லுவியள் எண்டு பாத்தன். பாத்துப் பாத்து வருசம் போட்டுது.” தேநீரை என் பக்கம் தள்ளினாள். “இப்ப உங்களுக்கு மறதி வருது. டொக்டரிட்டைப் போக முந்தி எனக்குத் தெரியும். இன்னும் ஒரு வருசம் போனால் நீங்களே நம்பிப்போடுவியள், நான்தான் எழுதினனான் எண்டு. அதுக்குப் பிறகு நீங்கள் பொய்காரனில்லை. பொய் உண்மையாய்ப் போடும். என்ரை அண்ணன் ஒருத்தரும் இல்லாமல் போயிடுவான். நீங்கள் மறக்க முந்திச் சொல்லவேணும்.”

“உமக்கு அவன்ரை இருமல் கேக்குதோ?” என்று கேட்டேன். ஏன் கேட்டேன் என்று தெரியவில்லை.

“உங்களுக்கு மட்டும் கேக்குதெண்டு நினைச்சியளோ? எனக்கு நாப்பது வருசமாய்க் கேக்குது.”

பயமாக இருந்தது. பேயை நினைத்து இல்லை, அவளை நினைத்து. இத்தனை வருடமும் எனக்குச் சோறு போட்ட கை அது.

அக்டோபர் 19, வியாழன்

இன்றும் காதுக்குள் சொன்னாள். நான் சொல்லவில்லை.

அக்டோபர் 20, வெள்ளி

இன்றும்.

அக்டோபர் 21, சனி

பத்திரிகையில் நல்ல விமர்சனம். ‘கடைசியில் ஒரு எழுத்தாளனுக்கு உரிய இடம் கிடைத்திருக்கிறது.’ அதை வெட்டி வைத்தேன். அவள் கண்டுவிட்டு, கத்தரிக்கோலை எடுத்து இருந்த இடத்தில் வைத்தாள். பின்னேரம் காதுக்குள் அதே குரல், அதே வரி. அவளுக்குக் கோபமும் வருவதில்லை. கோபம் வந்தால் சண்டை பிடித்துத் தப்பியிருப்பேன்.

அக்டோபர் 24, செவ்வாய்

கேள்வி நேரத்தில் ஒரு பொடியன், எழுதிய நாள் ஞாபகமிருக்கிறதா என்று கேட்டான். நல்ல மழை, யன்னலோரம் மேசையில் இருந்து கடைசிக் காட்சியை ஒரே மூச்சில் எழுதினேன் என்றேன். சும்மா வாயில் வந்தது. பஸ்ஸில் வரும்போது மழை கண்ணுக்குத் தெரிந்தது. மேசை தெரிந்தது. மேசைமேல் என் கை. பேனையின் மை விரலில் பட்டது.

ஈஸ்ற்ஹாம் அறையில் மேசை இருக்கவில்லை. இரண்டு கட்டிலும் ஒரு காஸ் அடுப்பும்தான். இதை இப்போதே எழுதி வைக்கிறேன்: மேசை இருக்கவில்லை. மேசை இருக்கவில்லை.

அக்டோபர் 26, வியாழன்

காட்சி முடிந்து உடுப்பு மாற்றும் அறையில் இருந்தேன். இருமல் கேட்கவில்லை. மூன்று நாளாகக் கேட்கவில்லை. பஸ்ரியனின் முகத்தை நினைத்துப் பார்த்தேன். மீசை இருந்ததா? ஜசிந்தாவிடம் கேட்டால் சொல்வாள். கேட்க வெட்கமாக இருந்தது. அழுதேன். பிரெண்டா வந்து தோளைத் தொட்டாள், நல்ல நடிப்பு என்றாள்.

அக்டோபர் 28, சனி

கடைசி நாள். பகல் இரண்டரை மணிக் காட்சி. வீட்டுக்கு வந்து சப்பாத்தும் கழற்றாமல் எழுதுகிறேன். நாளைக்கு எவ்வளவு மிஞ்சும் என்று சொல்ல முடியாது.

காட்சி நன்றாகப் போனது. கதிரை போட்டார்கள். இருந்தேன். மூன்றாவது வரிசையில் ஒரு வயதான ஆங்கிலேய மனிசி எழுந்து, மிகப் பணிவாகக் கேட்டாள்: “அந்த மகன் யார்? உங்களுக்குத் தெரிந்த யாரோ ஒருவர்தானே?”

காதுக்குள் வரும் என்று பார்த்தேன். வரவில்லை. பத்து நாளாக ஒரு நாள் தவறாமல் வந்த வரி இன்று வரவில்லை. பூச்சி கெட்டுப்போனதோ என்று கண்ணாடி அறையை நிமிர்ந்து பார்த்தேன். ஜசிந்தா செவிப்பொறியோடு இருந்தாள். கையைக் கட்டிக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் மூச்சு விடுவது காதில் கேட்டது. அவள் சொல்லப்போவதில்லை. நான் சிரித்துக் கனவுக் கதையை எடுக்கலாம். வாய்வரை வந்தும் விட்டது. மழை, மேசை, எல்லாம் வரிசையாக வந்து நின்றன, உண்மையைவிடத் துப்புரவாக. இன்றைக்குச் சொன்னால் நாளைக்கு அதுதான் நடந்தது.

“இதை எழுதினது பஸ்ரியன்,” என்றேன்.

ஒருவரும் அசையவில்லை. எல்லோரும் அன்பாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்போதுதான் தெரிந்தது, தமிழில் சொல்லியிருக்கிறேன். இன்றைக்கு அரங்கில் ஒரு தமிழ் ஆள்கூட இல்லை. ஹானா, ஏதோ கவிதை என்று நினைத்துத் தலையை ஆட்டினாள். சொல்லியாயிற்று, தப்பிவிட்டோம் என்று ஒரு கணம் மனம் குதித்தது. அதையும் எழுதத்தான் வேண்டும்.

“இங்கிலீசிலை,” என்றது காது.

ஆங்கிலத்தில் சொன்னேன். பிறகு நிறுத்த முடியவில்லை. படிவத்தில் இருந்த ஒரே கோடு, கண்ணாடிக் கூண்டு, ஐந்து கொப்பி, பொலிஸ்காரனிடம் சொன்னது, லீ ஆறு, எல்லாம். சொத்தைப் பல் பிடுங்கின மாதிரி இருந்தது, வலியும் வெறுமையும். ஹானா கையில் இருந்த புத்தகத்தை மடியில் கவிழ்த்து வைத்தாள். பின்வரிசையில் இரண்டு பேர் எழுந்து போனார்கள். கேள்வி கேட்ட மனிசி இன்னும் நின்றுகொண்டே இருந்தாள், இருப்பதா நிற்பதா என்று தெரியாமல். ஒருவரும் கை தட்டவில்லை. நான் அடுத்தது என்ன என்று தெரியாமல் வெளிச்சத்துக்குள் இருந்தேன்.

காதுக்குள் ஜசிந்தா மூக்கை உறிஞ்சினாள். பிறகு, பிள்ளைகளைக் கடலில் இருந்து கூப்பிடுகிற குரலில் சொன்னாள்:

“இவ்வளவு காணும். இறங்கி வாங்கோ.”